ஜூஸ் மாதிரி இனிக்கும்... ஆளையே சாய்க்கும்! பீர் கலந்த 'மார்கரிட்டா' உஷார்

அமெரிக்காவில் கோடை வந்து விட்டால் வீட்டு விருந்துகளில் 'மார்கரிட்டா' களைகட்டும். மெக்சிகோ நாட்டு மதுவான டெக்கீலாவில் எலுமிச்சை சாறு கலந்த பானம் இது. வீட்டில் கலக்கும் பலர் இதில் பீரையும் ஊற்றி விடுகிறார்கள்.

சர்க்கரை போட்டு உறைய வைத்த எலுமிச்சை சாறு ஒரு டப்பா (355 மில்லி). அதே டப்பாவால் டெக்கீலா, தண்ணீர், பீர் தலா ஒரு அளவு. பீரை கடைசியாகத்தான் ஊற்ற வேண்டும். மூடி குலுக்கினால் பீய்ச்சி அடித்து விடும். கிளாஸ் விளிம்பில் உப்பு தடவி, ஐஸ் போட்டால் ரெடி.

வம்பே இனிமேல்தான். 'பீர்தானே' என்று பலர் நினைக்கிறார்கள். பீரில் ஆல்கஹால் 5 சதவீதம். டெக்கீலாவில் 40 சதவீதம். எல்லாம் கலந்த பிறகும் 11 சதவீதம் நிற்கும். 240 மில்லி குடித்தால், 355 மில்லி பீர் ஒன்றரை பாட்டில் குடித்ததற்கு சமம். புளிப்பும் இனிப்பும் மதுவின் காட்டத்தை மறைத்து விடுவதால், 3 கிளாஸ் சுலபமாக இறங்கி விடும். உள்ளே போனது நாலரை பீர்!

போதை முழுசா ஏற நேரம் பிடிக்கும். 'நான் நல்லாத்தானே இருக்கேன்' என்று காரை கிளப்புபவர்கள் பாதி வழியில் தடுமாறுகிறார்கள். காபி குடித்தாலும், குளித்தாலும் போதை இறங்காது.

இன்னொரு ஆபத்தும் உண்டு. எலுமிச்சை பிழிந்த கையோடு வெயிலில் நின்றால் ஓரிரு நாளில் தோல் சிவந்து கொப்புளம் போடும். பிழிந்த கையோடு சோப்பு போட்டு கழுவினால் தப்பிக்கலாம்.