கடைசிக் கருப்புப் பந்து

நண்பர்களே, கேரம் போர்டு தெரியாதவங்க நம்ம பள்ளியில யாரும் இருக்க மாட்டாங்க. ஸ்னூக்கரும் கிட்டத்தட்ட அதே மாதிரிதான். விரலால் சுண்டுவதற்குப் பதிலாக நீளமான குச்சியால் வெள்ளைப் பந்தை அடிக்க வேண்டும். அது போய் மற்ற பந்தைக் குழியில் தள்ள வேண்டும். 1875-இல் ஜபல்பூரில் ஆங்கிலேய ராணுவ அதிகாரிகள் தொடங்கிய ஆட்டம் இது. அதன் விதிகளை எழுதி மாட்டியது எங்கே தெரியுமா? நம்ம ஊட்டி கிளப்பில்!

சிவப்புப் பந்துகள் 15. ஒன்றுக்கு 1 புள்ளி. ஒவ்வொரு சிவப்புக்குப் பிறகும் ஒரு வண்ணப் பந்து போடலாம். மஞ்சள் 2, பச்சை 3, பழுப்பு 4, நீலம் 5, இளஞ்சிவப்பு 6, கருப்பு 7. சிவப்பு தீரும் வரை வண்ணப் பந்தை எடுத்து மறுபடி மேசையில் வைப்பார்கள். பிறகு ஆறு வண்ணங்களையும் வரிசையாகப் போட வேண்டும். ஒவ்வொரு முறையும் கருப்பையே போட்டால் 15×8=120. கடைசி ஆறு வண்ணங்களுக்கு 27. ஆக மொத்தம் 147.

இந்த 147-ஐத் தொலைக்காட்சியில் முதன்முதலாக எடுத்துக் காட்டியவர் இங்கிலாந்தின் ஸ்டீவ் டேவிஸ் (1982). லண்டனில் 1957-இல் பிறந்தவர். ஆட்டத்தைச் சொல்லிக் கொடுத்தவர் அவருடைய அப்பா. 1981, 1983, 1984 ஆகிய மூன்று ஆண்டுகளில் உலகக் கோப்பையை வென்றார்.

1985 இறுதிப் போட்டி ஷெஃபீல்டு நகரில் நடந்தது. எதிரில் வட அயர்லாந்தின் டென்னிஸ் டெய்லர். முதலில் 18 ஆட்டம் ஜெயிப்பவருக்குக் கோப்பை. டேவிஸ் 8-0 என்று முன்னே போய்விட்டார். "அவ்வளவுதான், முடிஞ்சுது"ன்னு யாரும் நினைப்போம் இல்லையா? ஆனால் டெய்லர் விடவில்லை. 17-17 வரை வந்துவிட்டது. கடைசி ஆட்டத்தில் டேவிஸ் 62, டெய்லர் 59. மேசையில் மிச்சம் கருப்பு ஒன்றுதான். அதைப் போடுபவருக்கே உலகக் கோப்பை. இருவருமே தவறவிட்டார்கள். பிறகு டெய்லர் போட்டுவிட்டார். அந்தப் போட்டி முழுவதிலும் டெய்லர் முன்னிலைக்கு வந்தது அந்த ஒரே பந்தில்தான்! நள்ளிரவு தாண்டியும் பிரிட்டனில் 1 கோடியே 85 லட்சம் பேர் விழித்திருந்து பார்த்தார்கள்.

அடுத்த ஆண்டும் இறுதிப் போட்டியில் தோல்வி. வேறொருவராக இருந்தால் நொந்து போயிருப்பார். டேவிஸ் 1987, 1988, 1989 என்று வரிசையாக மூன்று முறை ஜெயித்தார். மொத்தம் ஆறு!

எனக்கு அவரைப் பிடித்ததற்குக் காரணம் அந்த ஆறு கோப்பைகள் மட்டும் இல்லை. அதற்குப் பிறகு அவர் உலகக் கோப்பையை ஜெயிக்கவே இல்லை. புதிய ஆட்டக்காரர்கள் வந்து அவரைத் தாண்டிப் போனார்கள். ஆனாலும் அவர் குச்சியைக் கீழே வைக்கவில்லை. இன்னும் 27 ஆண்டுகள் ஆடினார். 2010-இல் 52 வயதில், முந்தைய ஆண்டின் சாம்பியன் ஜான் ஹிக்கின்ஸை 13-11 என்று தோற்கடித்துக் கால் இறுதிக்குப் போனார்.

2016-இல் அவருடைய அப்பா இறந்தார். அதே ஆண்டு, 58 வயதில், டேவிஸ் ஓய்வை அறிவித்தார். ஷெஃபீல்டு அரங்கத்துக்குள் உலகக் கோப்பையைக் கையில் ஏந்தி வந்தார். கூட்டம் எழுந்து நின்று கை தட்டியது.

ஜெயிப்பதற்காக மட்டும் ஆடுபவர் தோற்கத் தொடங்கியதும் நிறுத்திவிடுவார். ஆட்டமே பிடித்து ஆடுபவர் தொடர்ந்து ஆடுவார். நம்ம பள்ளி அணியில் இடம் கிடைக்காத நண்பர்களே, நாளைக்கும் மைதானத்துக்கு வாங்க!