பேக்கப்பும் சேர்ந்து எரிஞ்சா? அணுமின் நிலையத்துல தீ ஆபத்தை எப்படிக் கணக்குப் போடுறாங்க

(எபிசோடின் எழுத்து வடிவம். வாசிக்க வசதியாகக் கொஞ்சம் சுருக்கியிருக்கிறோம்.)

அணுமின் நிலையத்துல விபத்துன்னு சொன்னதும் நமக்கு முதல்ல ஞாபகம் வர்றது கதிர்வீச்சுதான். தீ யாருக்கும் ஞாபகம் வர்றதில்ல. ஆனா இந்திய அணுமின் நிலையங்கள்ல நடந்த ரொம்ப சீரியஸான சம்பவங்கள்ல ஒண்ணு, எண்ணெயும் கேபிளும் எரிஞ்ச ஒரு தீ விபத்து. அதுவும் உலைக்குள்ள இல்ல, பக்கத்துல இருக்கிற டர்பைன் ஹால்ல.

நான் ஆம்பூர்க்காரன், வேலை சாஃப்ட்வேர்ல. எங்க பக்கம் ஷூ கம்பெனி, தோல் ஷாப்புன்னு எங்க திரும்பினாலும் பசை, தின்னர், லாக்கர் வாசனை இருக்கும். தீன்னா என்னன்னு ஊருக்கே தெரியும். அணு உலைன்னா அது வேற உலகம்னு ஒரு நினைப்பு இருக்கு. வேலூர்ல இருந்து நேர்கோட்டுல பார்த்தா கல்பாக்கம் சுமார் 120 கிலோமீட்டர்தான். அதனால இந்த விஷயம் நமக்கு அவ்வளவு தூரம் கிடையாது.

நரோரா, 31 மார்ச் 1993

உத்தரப் பிரதேசத்துல கங்கைக் கரையில நரோரா அணுமின் நிலையம் இருக்கு. கல்பாக்கம் மாதிரியே கனநீர் உலை, 220 மெகாவாட். அன்னிக்கு விடியற்காலை மூன்றரை மணி வாக்குல, முதல் யூனிட்டோட டர்பைன்ல ரெண்டு பிளேடு உடைஞ்சுது. உலோகச் சோர்வுதான் காரணம். நிமிஷத்துக்கு ஆயிரக்கணக்கான தடவை சுத்துற ஒரு எந்திரத்துல ரெண்டு பிளேடு போனா சமநிலை போயிடும். மொத்த எந்திரமும் பயங்கரமா அதிர்ந்துச்சு.

இங்க ஒரு விஷயம் தெரிஞ்சுக்கணும். பெரிய ஜெனரேட்டர்களைக் குளிர வைக்க உள்ளே ஹைட்ரஜன் வாயுவை நிரப்புவாங்க. அனல்மின் நிலையத்துலயும் இதே முறைதான். ஹைட்ரஜன் லேசானது, வெப்பத்தை நல்லா கடத்தும். ஆனா காத்துல 4 சதவீதம் கலந்தாலே தீப்பிடிக்கும். நரோராவுல அந்த அதிர்வுல சீல் உடைஞ்சு ஹைட்ரஜன் வெளிய வந்து பத்திக்கிச்சு. மசகு எண்ணெயும் கசிஞ்சு அதோட சேர்ந்து எரிஞ்சுது.

ஆபரேட்டர்கள் ஒரு நிமிஷம் கூட ஆகறதுக்குள்ள உலையை நிறுத்திட்டாங்க. அது ரொம்ப நல்ல வேலை. ஆனா தீ கேபிள் வழியா நடந்து போச்சு. மெயின் மின்சாரம் கொண்டு வர்ற கேபிளும், அது போனா கைகொடுக்க வேண்டிய பேக்கப் கேபிளும் ஒரே பாதையில, நடுவுல சரியான தீத்தடுப்பு இல்லாம போயிருந்துச்சு. ரெண்டும் சேர்ந்து எரிஞ்சுது. டீசல் ஜெனரேட்டர் நல்லாத்தான் இருந்துச்சு. ஆனா அதைக் கட்டுப்படுத்துற கேபிள் எரிஞ்சதால பிரயோஜனம் இல்லாம போச்சு. கட்டுப்பாட்டு அறைக்குள்ள புகை நிரம்பி, ஆட்கள் வெளிய வர வேண்டியதாச்சு. சுமார் 17 மணி நேரம் அந்த யூனிட்டே இருட்டுல கிடந்துச்சு.

நிறுத்தியாச்சுல்ல, அப்புறம் என்ன பயம்?

இந்தக் கேள்வி நியாயமானது. கேஸ் அடுப்பை அணைச்சா சூடு நின்னுடும். அணு உலை அப்படி இல்ல. பிளவு நின்ன பிறகும், ஏற்கெனவே பிளந்த துண்டுகள் சிதைஞ்சுகிட்டே வெப்பம் தரும். நிறுத்தின உடனே அது முழு வெப்பத் திறன்ல 6, 7 சதவீதம் இருக்கும். ஒரு மணி நேரத்துல ஒண்ணரை சதவீதம் அளவுக்குக் குறையும். ஒரு நாள் கழிச்சும் அரை சதவீதம் பக்கத்துல நிக்கும்.

அரை சதவீதம்னா சின்ன விஷயமா தோணும். முழுத் திறன்ல ஓடின 220 மெகாவாட் உலைக்கு அது சுமார் 4 மெகாவாட் வெப்பம். நம்ம வீட்டுல இருக்கிற 2 கிலோவாட் கீசர் 2,000 எண்ணிக்கை ஒரே இடத்துல இடைவிடாம ஓடுற மாதிரி. யாராவது இந்த வெப்பத்தை எடுத்துகிட்டே இருக்கணும். எடுக்கலைன்னா எரிபொருள் உருகும். ஃபுகுஷிமாவுல 2011ல நடந்தது அதுதான். அங்க பேக்கப்பை அடிச்சது சுனாமி, நரோராவுல தீ.

நரோராவுல ஊழியர்கள் என்ன பண்ணாங்க? சிலர் பேட்டரி டார்ச்சை எடுத்துகிட்டு உலைக் கட்டடத்துக்கு மேல ஏறி, கையால வால்வைத் திறந்து போரான் கரைசலை உலைக்குள்ள இறக்கினாங்க. போரான் நியூட்ரானை விழுங்கிடும், அதனால உலை திரும்ப உயிர் பெறாது. அந்தக் கரைசல் புவியீர்ப்புலயே இறங்குற மாதிரி அமைப்பு, பம்ப் தேவையில்ல. அடுத்து, டீசல்ல ஓடுற தீயணைப்பு பம்புகளை வச்சு நீராவி உற்பத்திக் கலன்களுக்குத் தண்ணி ஏத்தினாங்க. அந்தக் கலன்கள் உலையை விட உயரத்துல இருக்கு. சூடான கனநீர் மேல ஏறி, அங்க குளிர்ந்து, தானா கீழ இறங்கும். பம்பே இல்லாம ஒரு சுழற்சி.

எரிபொருளுக்குச் சேதம் இல்ல, கதிர்வீச்சும் வெளிய வரல. ஆனாலும் சர்வதேச அளவுகோல்ல இதுக்கு மூணாம் நிலை கொடுத்தாங்க. காரணம், மிச்சம் இருந்த பாதுகாப்பு அடுக்குகள் ரொம்பக் குறைவு.

ஒரு மெழுகுவர்த்தி

உலகத்துக்கு இந்தப் பாடம் 18 வருஷம் முன்னாடியே கிடைச்சுது. 22 மார்ச் 1975, அமெரிக்காவுல அலபாமா மாநிலம், பிரவுன்ஸ் ஃபெர்ரி நிலையம். சுவர்ல கேபிள் நுழையுற ஓட்டைகளை நுரைப் பொருளால அடைச்சிருந்தாங்க. அதுல காத்து கசியுதான்னு பார்க்க ஊழியர்கள் மெழுகுவர்த்தியைப் பிடிச்சுப் பார்ப்பாங்க, சுடர் ஆடினா கசிவு. அன்னிக்கு சுடர் நுரையைப் பிடிச்சுகிச்சு. ஏழு மணி நேரம் எரிஞ்சுது. 1,600க்கும் மேற்பட்ட கேபிள்கள் பாதிக்கப்பட்டுச்சு. மின் கேபிள்னு பயந்து தண்ணி அடிக்கத் தயங்கினாங்க. கடைசியில தண்ணி அடிச்சப்போ கொஞ்ச நேரத்துல அணைஞ்சிடுச்சு.

இதுக்கப்புறம் அமெரிக்காவுல விதியையே மாத்தினாங்க. ஒரே வேலையைச் செய்யுற ரெண்டு பாதுகாப்புப் பாதைகளுக்கு நடுவுல மூணு மணி நேரம் தாங்குற தடுப்பு இருக்கணும். இல்லைன்னா நடுவுல எரியற பொருளே இல்லாம 20 அடி இடைவெளி விட்டு, கூடவே தீ உணர்கருவியும் தானியங்கி அணைப்பும் வைக்கணும். இல்லைன்னா அந்தக் கருவிகளோட ஒரு மணி நேரத் தடுப்பாவது வேணும்.

கணக்கு போடுற முறை

இனி இன்ஜினியரிங். தீ ஆபத்து மதிப்பீட்டை நாலு கேள்வியா பிரிச்சுக்கலாம்.

ஒண்ணு, எங்க எது எரியும்? நிலையத்தை அறை அறையா பிரிச்சு, ஒவ்வொரு அறையிலயும் எவ்வளவு எண்ணெய், எவ்வளவு கேபிள் உறை, எவ்வளவு மரம்னு பட்டியல் எடுப்பாங்க. ஒரு கிலோ மரம் எரிஞ்சா சுமார் 17 மெகாஜூல், ஒரு கிலோ எண்ணெய்னா 40க்கு மேல. மொத்தத்தைத் தரைப்பரப்பால வகுத்தா அந்த அறையோட தீச்சுமை கிடைக்கும்.

ரெண்டு, எது பத்த வைக்கும்? சூடான குழாய், மின் பேனல், வெல்டிங் பொறி. வெல்டிங் மாதிரி வேலைக்குத் தனியா அனுமதிச் சீட்டு, பக்கத்துல காவலுக்கு ஒரு ஆள், வேலை முடிஞ்ச பிறகும் கொஞ்ச நேரம் அங்கயே நிக்கணும்னு விதி வச்சது இதனாலதான்.

மூணு, எவ்வளவு நேரம் தாங்கும்? சுவர், கதவு, கேபிள் ஓட்டையை அடைக்கிற சீல் எல்லாத்தையும் உலையில வச்சு சோதிப்பாங்க. சர்வதேசச் சோதனை வரைபடத்துல ஒரு மணி நேரத்துல சுமார் 945 டிகிரி செல்சியஸ், மூணு மணி நேரத்துல சுமார் 1,110 டிகிரி.

நாலாவதுதான் முக்கியம். இந்த அறை மொத்தமும் எரிஞ்சு சாம்பலாயிடுச்சுன்னு வச்சுக்கோங்க. அப்பவும் உலையை நிறுத்தி, குளிர வச்சு, நிலைமை என்னன்னு பார்க்க முடியுமா? முடியாதுன்னா வடிவமைப்பு தப்பு, மாத்தணும். ஒவ்வொரு அறைக்கும் இந்தக் கேள்வியைக் கேட்கணும்.

இதுக்கு மேல நிகழ்தகவு கணக்கும் இருக்கு. தீப்பிடிக்கிற வாய்ப்பு, அதை அணைக்கத் தவறுற வாய்ப்பு, பாதுகாப்புக் கருவிகளை அது முடக்குற வாய்ப்பு எல்லாத்தையும் பெருக்கி, எந்த அறைக்கு முதல்ல செலவு பண்ணணும்னு முடிவெடுப்பாங்க. பெருக்குறப்போ ஒரு பொறி இருக்கு. ரெண்டு பேக்கப்பும் ஒண்ணை ஒண்ணு சாராம இருந்தாதான் ரெண்டு வாய்ப்பையும் பெருக்கலாம். ரெண்டும் ஒரே கேபிள் தட்டுல போனா, காகிதத்துல பத்தாயிரத்துல ஒண்ணா தெரியற ஆபத்து நிஜத்துல நூத்துல ஒண்ணா இருக்கலாம். நம்ம ஐடி ஆளுங்களுக்கு இது நல்லா புரியும். ரெண்டு சர்வர் வாங்கி ஒரே ரேக்ல, ஒரே பிளக்ல மாட்டி வச்சா அது ஒரு சர்வர்தான்.

நரோராவுக்குப் பிறகு இந்திய நிலையங்கள்ல டர்பைன் பிளேடுகளோட வடிவமைப்பை மாத்தினாங்க. கேபிள் பாதைகளைப் பிரிச்சு, தீத்தடுப்புகள் போட்டாங்க. அணுசக்தி ஒழுங்குமுறை வாரியம் கனநீர் உலைகளோட தீப்பாதுகாப்புக்குன்னே தனி வழிகாட்டி வெளியிட்டுச்சு.

கல்பாக்கத்துல இன்னொரு சவாலும் இருக்கு. அங்க கட்டியிருக்கிற 500 மெகாவாட் வேக ஈனுலைக்குக் குளிர்விப்பான் தண்ணி இல்ல, ஆயிரம் டன்னுக்கும் மேல திரவ சோடியம். சூடான சோடியம் காத்து பட்டாலே எரியும், தண்ணி பட்டா ஹைட்ரஜன் வரும். அங்க ஹோஸைத் தூக்கிட்டு ஓட முடியாது. கசிவைச் சீக்கிரம் கண்டுபிடிக்கணும், மந்த வாயுவால மூடணும், தனி உலர்பொடி வச்சிருக்கணும். ஜப்பான்ல மோஞ்சு உலையில 1995 டிசம்பர்ல சோடியம் கசிஞ்சு தீப்பிடிச்சப்போ அந்த நிலையம் பல வருஷம் மூடிக் கிடந்துச்சு.

நம்ம பக்கத்துக்கு

ஆம்பூர், வாணியம்பாடி, ராணிப்பேட்டையில இதைக் கேக்குறவங்க நிறைய பேர் ஃபேக்டரியில வேலை பார்ப்பீங்க, இல்லைன்னா வீட்டுல அம்மா, அக்கா யாராவது போவாங்க. நாலாவது கேள்விக்கு அணு உலை தேவையில்ல. இபி லைனும் ஜெனரேட்டர் லைனும் ஒரே பேனல் ரூம்ல வந்து சேருதா? அந்த ரூம் எரிஞ்சா எமர்ஜென்சி லைட் எரியுமா? தீயணைப்பு பம்ப்புக்கு கரண்ட் எங்கிருந்து வருது? பசை, தின்னர் வைக்கிற அறைக்குப் பக்கத்துலயே படிக்கட்டு இருந்தா, இன்னொரு படிக்கட்டு எங்க இருக்கு, அதோட கதவுக்குப் பூட்டு போட்டிருக்கா?

நரோராவைக் காப்பாத்தினதுல பெரிய பங்கு கரண்ட்டை நம்பாத விஷயங்களுக்குத்தான்: டீசல் பம்ப், புவியீர்ப்பு, மேல ஏறிப் போன மனுஷங்க. அதனால சேஃப்டி ஆபீசர் "எங்ககிட்ட பேக்கப் இருக்கு"ன்னு சொன்னா, அந்த பேக்கப் எதை நம்பி நிக்குதுன்னு கேளுங்க. கோபப்பட மாட்டாங்க. பட்டாலும் பரவாயில்ல, கேளுங்க.

உங்க ஃபேக்டரியில கேட்டுப் பார்த்துட்டு, என்ன பதில் வந்துச்சுன்னு எனக்கு வாய்ஸ் நோட் அனுப்புங்க. கம்பெனி பேர் வேண்டாம், பதில் மட்டும் போதும். அடுத்த எபிசோடுல அதைப் பத்திப் பேசலாம்.