போலீஸ் பிடித்தது புருஷனை அல்ல! காட்டில் 2,050 மைல் நடந்த பாட்டி

பஸ் இருக்கு, ரயில் இருக்கு. அதையெல்லாம் விட்டுவிட்டு மாதக்கணக்கில் காட்டுக்குள் நடக்கிறார்களே, எதற்கு?

அமெரிக்காவில் அப்பலாச்சியன் பாதை என்று ஒன்று உண்டு. ஜார்ஜியாவில் தொடங்கி மெய்ன் வரை 14 மாநிலங்களின் மலைக்காடு. கரடி, பாம்பு எல்லாம் உண்டு.

1948-ல் அதை ஒரே பயணத்தில் நடந்து முடித்தவர் ஏர்ல் ஷாஃபர். உலகப் போருக்குப் போய் வந்தவர். உயிர் நண்பனைப் போரில் பறிகொடுத்தவர். போரை மனசிலிருந்து துரத்தவே நடந்ததாகச் சொன்னார்.

ஆனால் எம்மா கேட்வுட் பாட்டி காரணத்தைச் சொல்லவே இல்லை!

மாவு மூட்டை

எம்மா ஒஹாயோ மாநிலத்துக்காரர். விவசாயி மனைவி. 11 பிள்ளைகள். புருஷன் அடித்த அடி கொஞ்சநஞ்சமல்ல. தாங்க முடியாதபோது காட்டுக்குள் ஓடிவிடுவாராம்.

1939-ல் ஒரு நாள் விழுந்த அடியில் பல் உடைந்தது, விலா எலும்பு விரிசல் விட்டது. எம்மா மாவு மூட்டையைத் தூக்கி அவன் மேல் வீசினார். போலீஸ் வந்தது. யாரைப் பிடித்தது? எம்மாவை! அடிபட்ட முகத்தைப் பார்த்த ஊர் மேயர்தான் லாக்கப்பிலிருந்து விடுவித்துத் தன் வீட்டில் தங்க வைத்தார். 1941-ல் விவாகரத்து.

1954-ல் அந்தப் பாதையில் இறங்கினார். வழி தவறியது, மூக்குக்கண்ணாடி உடைந்தது. காட்டிலாகாவினர் "வீட்டுக்குப் போங்கம்மா" என்று அனுப்பிவிட்டனர்.

1955 மே மாதம் மறுபடி கிளம்பினார். வயது 67! பிள்ளைகளிடம் "நடந்துட்டு வரேன்" என்றதோடு சரி. எங்கே, எவ்வளவு தூரம்? மூச்சு விடவில்லை. கான்வாஸ் ஷூ, கையால் தைத்த பை, மழைக்குப் போர்த்திக்கொள்ள குளியலறைத் திரை. கூடாரம்கூடக் கிடையாது. ஆகஸ்டில் புயல், வெள்ளம். 146-வது நாள், செப்டம்பர் 25-ந் தேதி, கட்டாடின் மலை உச்சியில் நின்றார்.

நிருபர்கள் மொய்த்தார்கள். ஏன் நடந்தீர்கள்? ஆசைப்பட்டேன், நடந்தேன் என்று மழுப்பல். புருஷன்? நான் விதவை என்று சொல்லிவிட்டார். அந்த ஆளோ அப்போது உயிரோடு இருந்தான்! யாரும் துருவவில்லை, அப்படியே அச்சுக்குப் போனது. நம் தொழில்காரர்கள் ஒரு எட்டு விசாரித்திருக்கலாம்.

அடி உதை விவரம் விலாவாரியாக வந்தது 2014-ல், பென் மான்ட்கோமரி என்ற பத்திரிகையாளர் எழுதிய புத்தகத்தில். பாட்டி 1973-லேயே காலமாகிவிட்டார். அதற்குள் அதே பாதையை இன்னும் 2 தடவை நடந்து முடித்திருந்தார்.