மந்திரி என்றால் எந்தக் காய்?
சதுரங்கம் ஆடுவோருக்கு ஒரு சின்னப் பரீட்சை

சித்தூரிலும் திருப்பதியிலும் ஞாயிற்றுக்கிழமை மாலையில் திண்ணையில் சதுரங்கப் பலகை விரிவது வழக்கமான காட்சி. ஒரு பக்கம் வேலூர், குடியாத்தம் பக்கமிருந்து பிழைப்புக்கு வந்த நம்மவர். எதிரே உள்ளூர்த் தெலுங்கு நண்பர். ஆட்டம் சூடு பிடிக்கும் வேளையில், "உங்கள் மந்திரியை வெட்டியாகிவிட்டது" என்பார் நம்மவர். "மந்திரி நின்ற இடத்திலேயே நிற்கிறதே, பாவா!" என்பார் அவர்.

இருவர் சொல்வதும் சரிதான். மூலைவாட்டில் ஓடும் காயை நம்மில் பலர் மந்திரி என்கிறோம். தெலுங்கில் மந்திரி என்பது நம்முடைய ராணி! நம் மந்திரிக்கு அவர்கள் சொல்லும் பெயர் சகடு. நம் சிப்பாய் அங்கே பண்டு.

பெயர்க் குழப்பம் ஒரு சிரிப்போடு தீர்ந்துவிடும். சட்டக் குழப்பம் அப்படித் தீராது. அப்பாவிடம் வீட்டு முறையில் கற்ற பையன், ரயில் சார்ஜும் நுழைவுக் கட்டணமும் கொடுத்துப் போட்டிக்குப் போகிறான். அங்கே, "இது செல்லாது தம்பி" என்கிறார் நடுவர். நீண்ட நேர ஆட்டத்தில் செல்லாத நகர்வு ஒன்று செய்தால் எதிராளிக்கு 2 நிமிடம் கூடுதலாகக் கிடைக்கும். இரண்டாவது முறை செய்தால் ஆட்டமே போய்விடும். திறமை இருந்தும் சட்டம் தெரியாமல் தோற்பதைப் போன்ற வருத்தம் வேறில்லை.

வாசகர்கள் கீழ்க்கண்ட கேள்விகளுக்கு முதலில் தாமே விடை சொல்லிப் பார்க்கட்டும்.

1. ராணி வெட்டுப்படாமல் இருக்கும்போதே இன்னொரு ராணி எடுக்கலாமா?
2. யானைக்கு ஆபத்து இருக்கும்போது கோட்டை கட்டலாமா?
3. ராஜாவுக்குச் செக் இல்லை. ஆனால் நகர்த்த வழியே இல்லை. வெற்றி யாருக்கு?
4. நம் சிப்பாய்க்குப் பக்கத்தில் இரண்டு கட்டம் பாய்ந்து வந்து நின்ற சிப்பாயை வெட்டலாமா?
5. 'இந்தியன் டிபென்ஸ்' என்ற பெயர் எப்படி வந்தது?
6. காய்களை 960 விதமாக அடுக்கும் ஆட்டம் எது?
7. இந்தியாவின் முதல் இன்டர்நேஷனல் மாஸ்டர் யார்?

சட்டம் சொல்வது என்ன?

முதல் கேள்விக்கு விடை, எடுக்கலாம். கடைசி வரிசையை அடைந்த சிப்பாய் ராணி, யானை, மந்திரி, குதிரை ஆகிய நான்கில் எதுவாகவும் மாறலாம். இழந்த காயைத்தான் மீட்க வேண்டும் என்பது வீட்டுச் சட்டம். கணக்குப்படி ஒருவரிடம் 9 ராணிகள் வரை இருக்கலாம்.

யானைக்கு ஆபத்து இருந்தாலும் கோட்டை கட்டலாம். ஆனால் ராஜாவுக்குச் செக் இருக்கக் கூடாது. ராஜா கடக்கும் கட்டமும் சேரும் கட்டமும் எதிரியின் பிடியில் இருக்கக் கூடாது. ராஜாவோ அந்த யானையோ முன்பே நகர்ந்திருந்தாலும் கட்ட முடியாது. ராஜாவை முதலில் தொட வேண்டும்; ஒரே கையால் நகர்த்த வேண்டும். 'தொட்ட காயை ஆடு' என்பது போட்டிகளில் கண்டிப்பான விதி.

மூன்றாவது நிலையில் வெற்றி யாருக்கும் இல்லை. அது டிரா, ஆளுக்கு அரைப் புள்ளி. சில வீடுகளில் கட்டிப்போட்டவரே ஜெயித்ததாகச் சொல்வார்கள். வெல்லும் நிலையில் இருந்த எத்தனையோ பேர் அவசரத்தில் அரைப் புள்ளியைப் பறிகொடுப்பது இங்கேதான்.

நான்காவது, வெட்டலாம். அந்தச் சிப்பாய் ஒரே கட்டம் நகர்ந்தது போலப் பாவித்து, நம் சிப்பாயால் குறுக்கே வெட்டலாம். ஆனால் அடுத்த நகர்விலேயே வெட்ட வேண்டும். பிறகு நினைவு வந்து பயனில்லை.

நாட்டு முறையும் ஐரோப்பிய முறையும்

பழைய நாட்டு முறையில் சிப்பாய்க்கு ஒரு கட்டம்தான். 1850-களில் கல்கத்தாவில் மகேஷ் சந்திர பானர்ஜி என்பவர் ஜான் காக்ரேன் என்ற வழக்கறிஞருடன் ஏராளமான ஆட்டங்கள் ஆடினார். சிப்பாயை ஒவ்வொரு கட்டமாக நகர்த்தி, குதிரையை முன்னே எடுத்து, மந்திரியைப் பக்கவாட்டில் ஒதுக்கி வைப்பது அவர் பாணி. அந்தப் பாணிக்கு 'இந்தியன்' என்ற பெயர் நிலைத்துவிட்டது.

பஞ்சாபைச் சேர்ந்த மீர் சுல்தான் கானும் நாட்டு முறையில் பழகிய பிறகே ஐரோப்பிய முறையைக் கற்றவர். அவர் 1929, 1932, 1933 ஆகிய ஆண்டுகளில் பிரிட்டிஷ் சாம்பியன் ஆனார். 2024-ல், மறைவுக்குப் பின், அவருக்குக் கௌரவ கிராண்ட்மாஸ்டர் பட்டம் கிடைத்தது.

இதற்கெல்லாம் முன்பே, ஐரோப்பிய முறைக்கு ஏற்ற சதுரங்க நூல் ஒன்று 1814-ல் பம்பாயில் அச்சேறியது. எழுதியவர் திருவேங்கடாசாரிய சாஸ்திரி. திருமலையின் பழம்பெயரே அவர் பெயராக இருப்பது இவ்வூர் வாசகர்களுக்கு மகிழ்ச்சி தரும். 1829-ல் சென்னையைச் சேர்ந்த குலாம் காசிம் ஓர் ஆங்கில அதிகாரியுடன் சேர்ந்து 'மூசியோ காம்பிட்' என்ற தொடக்கத்தை ஆராய்ந்து நூல் வெளியிட்டார். நம்மவர் இரண்டு முறையையும் கற்றுத் தேறியவர்கள் என்பதற்கு இவை சான்று.

ஆறாவது கேள்விக்கு விடை, பாபி பிஷர் 1996-ல் அறிவித்த ஆட்டம். பின்வரிசைக் காய்களை ஒவ்வொரு முறையும் மாற்றி அடுக்குவதால் தொடக்க நகர்வுகளை மனப்பாடம் செய்தவருக்கு அது உதவாது.

ஏழாவது, மானுவல் ஆரோன். பர்மாவில் 1935-ல் பிறந்து தமிழ்நாட்டில் வளர்ந்தவர். 1961-ல் பட்டம் பெற்றார். 9 முறை தேசிய சாம்பியன். சென்னையில் 1972-ல் தொடங்கிய டால் செஸ் கிளப் அவர் முயற்சி. சிறுவன் விஸ்வநாதன் ஆனந்த் ஆடிப் பழகிய இடம் அதுதான்.

எல்லைக் கோடு இல்லாத பலகை

2024 டிசம்பர் 12 அன்று சிங்கப்பூரில் டிங் லிரெனை வென்று, 18 வயதில் உலக சாம்பியன் ஆனார் குகேஷ். தமிழக முதல்வராக இருந்த ஸ்டாலின் தமிழ்நாட்டின் பெருமை என்று வாழ்த்தினார். ஆந்திர முதல்வர் சந்திரபாபு நாயுடு நம் தெலுங்குப் பிள்ளை என்று வாழ்த்தினார். சென்னையில் பிறந்த தெலுங்குக் குடும்பத்துப் பிள்ளை அவர். ஆகவே இரண்டு வாழ்த்தும் பொருத்தமே. இரண்டு மொழியும் புழங்கும் சித்தூர்ப் பக்கத்தில் இதை யாரும் விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

பிள்ளைகளுக்கு ஆட்டம் சொல்லித் தரும் பெற்றோர் செய்ய வேண்டியது ஒன்றுதான். முதல் நான்கு விடைகளையும் ஒரு தாளில் தமிழிலும் தெலுங்கிலும் எழுதிப் பலகையின் அடியில் ஒட்டி வையுங்கள். செலவு ஒன்றுமில்லை. நடுவர் சொல்லித் தெரிந்துகொள்வதைவிட அப்பா சொல்லித் தெரிந்துகொள்வது நல்லது.

அடுத்த ஞாயிறு பலகை விரிக்கும்போது, மந்திரி என்றால் எந்தக் காய் என்று எதிரே இருப்பவரிடம் முதலில் கேட்டுக்கொண்டு காயைத் தொடுங்கள்!