யார் எடுத்த காட்சி?

ஆவணப்பட இயக்குநர் தானே எடுக்காமல், வேறு யாரோ எப்போதோ எடுத்துவைத்த படத்துண்டைச் சேர்த்தால் அது காப்பகக் காட்சி. செய்திப்படம், அரசுப் படம், கல்யாண கேசட் எல்லாமே இதில் அடங்கும்.

தமிழில் இதற்கு முன்னோடி பயண எழுத்தாளர் ஏ.கே. செட்டியார். 1937இல் காந்தியைப் பற்றிப் படம் எடுக்க அவர் முடிவு செய்தபோது காந்திக்கு 68 வயது. காந்தி முன்பு நடத்திய தென்னாப்பிரிக்கப் போராட்டத்தை இனிமேல் போய் எடுக்க முடியாது. ஆகவே நாடு நாடாக அலைந்து, முப்பது ஆண்டுகளில் பலரும் எடுத்திருந்த சுமார் 50,000 அடி பிலிமைத் திரட்டினார். 1912இல் இந்தியத் தலைவர் கோகலே தென்னாப்பிரிக்கா சென்றபோது எடுத்த பிலிமும் அதில் உண்டு. அதையெல்லாம் ஏறத்தாழ 12,000 அடியாகத் தொகுத்து 1940இல் வெளியிட்டார். அந்த உழைப்பை நினைத்தால் இன்றும் மலைப்பாக இருக்கிறது.

இப்போது கள்ளக்குறிச்சி பக்கமுள்ள கல்வராயன் மலையைப் பற்றி ஒருவர் படம் எடுக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். செய்தி சேனல்களில் எளிதாகக் கிடைப்பது ஒரே மாதிரிக் காட்சிதான்: ஓடையோரம் போலீஸார் பீப்பாயைக் கவிழ்க்கிறார்கள், சாராய ஊறல் மண்ணில் ஓடுகிறது. 2024 ஜூனில் கள்ளக்குறிச்சி கருணாபுரத்தில் விஷச் சாராயம் அறுபதுக்கும் மேற்பட்டோரைப் பலிகொண்டது. அந்தத் துயரத்தைச் சொல்லும்போது இக்காட்சிக்கும் இடம் உண்டு. ஆனால் போலீஸோடு போன கேமரா போலீஸ் போன இடத்தை மட்டும்தான் பார்த்தது. சாமை விதைப்பவர், கடுக்காய் பொறுக்குபவர், வெள்ளிமலையில் பஸ்ஸுக்கு நிற்கும் பிள்ளைகள் யாரும் அதில் இல்லை. அதையே ஓடவிட்டு, அம்மலையில் வாழும் மலையாளிப் பழங்குடிகளின் வாழ்க்கை இதுதான் என்று பின்னணியில் குரல் கொடுத்தால் அது அநியாயம். வேறொரு வருஷத்து ரெய்டை 2024 என்று காட்டுவது பொய். எந்த இடம், எந்த வருஷம், யார் எடுத்தது என்று திரையிலேயே போட்டுவிட வேண்டும்.

மற்ற காட்சிகளை வீடுகளிலும் ஊர் ஸ்டுடியோக்களிலும்தான் தேட வேண்டும். ஒரு பழைய கல்யாண கேசட்டில் மாப்பிள்ளை பெண்ணுக்குப் பின்னால் கூரை வீடு, மண் பாதை, அன்றைய உடுப்பு, பந்தியில் போட்ட சோறு எல்லாம் தானாகவே பதிவாகியிருக்கும். பூஞ்சை பிடித்த கேசட்டை அப்படியே பிளேயரில் போட்டால் டேப்பும் கெடும், பிளேயரின் ஹெட்டும் கெடும். விவரம் தெரிந்தவரிடம் கொடுத்துச் சுத்தம் செய்து டிஜிட்டலுக்கு மாற்ற வேண்டும். படத்தில் சேர்ப்பதற்கு முன் அந்தக் குடும்பத்தாரை உடன் உட்காரவைத்துப் போட்டுக்காட்டி, சம்மதம் கேட்க வேண்டும். யார் யார் இருக்கிறார்கள், எந்த வருஷம் என்று அவர்களே சொல்லிவிடுவார்கள்.