கம்பி அறுந்தாலும் காக்கும் கை

இலங்கையில் மதவாச்சியிலிருந்து மடு, முருங்கன், மன்னார், பேசாலை வழியாகத் தலைமன்னார் செல்லும் ரயில் பாதை ஒற்றைப் பாதை. எதிரெதிரே இரண்டு ரயில்கள் ஒரே துண்டில் நுழைந்தால் ஒதுங்க இடமில்லை. 1914இல் தனுஷ்கோடிக் கப்பலுக்குப் பயணிகளைக் கொண்டுசேர்க்கத் தொடங்கிய காலத்தில் கணினி ஏது? அப்படியானால் மோதலைத் தடுத்தது எது?

1874இல் இங்கிலாந்தின் நோர்விச் அருகே ஒற்றைப் பாதையில் இரு ரயில்கள் நேருக்கு நேர் மோதின. அதன் பின் எட்வர்ட் டையர் உருவாக்கிய டேப்லட் பொறி இலங்கையின் ஒற்றைப் பாதைகளுக்கும் வந்தது. நிலையத்துக்கொன்றாக இரு பொறிகள், இடையே மின்கம்பி. நிலைய அதிபர் மணிக்குறி அனுப்புவார். அடுத்த நிலையம் இசைந்து மின்னோட்டம் தந்தால்தான் இங்கே ‘டேப்லட்’ எனும் ஓர் உலோக வட்டு வெளியே வரும். வந்ததுமே இரு பொறிகளும் பூட்டிக்கொள்ளும். வளையம் கோத்த தோல்பையில் வரும் அந்த வட்டை எடுத்து, அதில் பொறித்த நிலையப் பெயர்களைச் சரிபார்த்த பிறகே சாரதி வண்டியை எடுப்பார். அது மீண்டும் பொறிக்குள் விழும்வரை இன்னொரு வட்டு கிடைக்காது.

கைகாட்டியின் நுட்பமும் அத்தகையதே. நெம்புகோலை இழுத்தால் நெடுந்தூரக் கம்பி கையை அசைத்து வழிவிடும். கம்பி அறுந்தால், எடைக்கட்டி கையைத் தானாகவே ‘நில்’ நிலைக்குத் திருப்பிவிடும். வெயிலில் கம்பி நீண்டு தளரும். எவ்வளவு இறுக்குவது என்பது இழுத்துப் பழகிய கைக்குத் தெரியும். இரவில் மண்ணெண்ணெய் விளக்கின் மஞ்சள் சுடர் பச்சையாகத் தெரிய வேண்டுமென்றே நீலம் கலந்த கண்ணாடி பொருத்தினார்கள்.

போரினால் 1990இல் மன்னார்ப் பாதையில் ரயில் நின்றது. 2015 மார்ச் 14இல் தலைமன்னார்த் துறை வரை மீண்டும் ஓடியது. வடக்குப் பாதைகளைச் சீரமைத்த இந்தியாவின் இர்கொன் நிறுவனமே புதிய சமிக்ஞை முறையையும் அமைத்தது. கால் நூற்றாண்டு இடைவெளியில், மூத்தவர் இளையவருக்குக் கைப்பழக்கம் கடத்தும் சங்கிலி இங்கே அறுந்துவிட்டது.

ஆனால் பழுதானால் ‘நில்’ எனக் காட்டும் தத்துவம் அறவில்லை. தண்டவாள மின்சுற்றில் மின்னோட்டம் நின்றால், ரிலே எனும் மின்காந்த ஆளியின் தகடு தன் எடையால் விழுந்து சிவப்பை எரியவிடும். அன்று எடைக்கட்டி, இன்று ரிலே. இரண்டும் நம்புவது ஒருபோதும் பழுதாகாத புவியீர்ப்பையே.

புதிய கருவி பழுதானால், நிலைய அதிபர்கள் தொலைபேசியில் பேசி, எழுத்தில் அனுமதி தந்தே ரயிலை விடவேண்டும். அந்த நேரத்தில் தேவைப்படுவது பழைய ஒழுங்குதான். மணிக்குறி அறிந்த மூத்த ஊழியர்களின் அனுபவத்தை அவர்கள் வாயாலேயே சொல்லவைத்து, பயிற்சிப் பாடமாகப் பதிவுசெய்ய வேண்டும். அது பழமைப் பற்று அல்ல, பாதுகாப்பு.