கத்தரிக்கோல் பிடித்த கை

சகோதரிகளே, 'பாசமலர்' பார்த்து முந்தானையை நனைக்காத வீடு நம் தாமிரபரணிக் கரையில் உண்டா? அம்பாசமுத்திரத்தில் இன்றைக்கும் டி.வி.யில் அந்தப் படம் வந்தால், "அடுப்பை அணைச்சிட்டு வாளா, கடைசி சீனு வந்துட்டு!" என்று பாட்டிமார் குரல் கொடுக்கிறார்கள். நம்மை இப்படி அழ வைத்த டைரக்டர் ஏ. பீம்சிங், சினிமாவைக் கற்றுக்கொண்டது எடிட்டிங் மேஜையில், கையில் கத்தரிக்கோலோடு!

எடிட்டிங் என்றால் என்ன?

பத்தமடையில் பாய் முடையும் பெண்களைப் பார்த்திருப்பீர்கள். கோரையை ஆற்றுத் தண்ணீரில் ஊறப்போட்டு, மெல்லிய இழையாக வகிர்ந்து, உதவாததை ஒதுக்கிவிட்டுத்தான் தறிக்குக் கொண்டு போவார்கள். அந்தக் காலத்துப் படத் தொகுப்பும் அப்படித்தான். ஒரு வினாடிக்கு 24 படங்கள் ஓடும் பிலிம் சுருள். அண்ணன் அழுவது ஒரு துண்டு, தங்கை திரும்பிப் பார்ப்பது இன்னொரு துண்டு. எதை எங்கே வெட்டி, எதோடு ஒட்டுவது? கொஞ்சம் கூடினால் சலிப்பு. கொஞ்சம் குறைந்தால் மனசில் ஒட்டாது. குழம்புக்கு உப்புப் போடுகிற கணக்குத்தான்!

உதவியாளர் டைரக்டரானார்

1924-ல் பிறந்த பீம்சிங், 1940-களின் பிற்பகுதியில் கிருஷ்ணன் - பஞ்சு இரட்டையரிடம் எடிட்டிங் உதவியாளராகச் சேர்ந்தார். பஞ்சுவே ஒரு எடிட்டர்தான். அங்கே தொழில் பழகி, 1954-ல் 'அம்மையப்பன்' படத்தை இயக்கினார். பிறகு வந்தது 'ப' வரிசை: 'பாகப்பிரிவினை' (1959), 'படிக்காத மேதை' (1960), 'பாவமன்னிப்பு', 'பாசமலர்', 'பாலும் பழமும்' (மூன்றும் 1961). ஒரே வருஷத்தில் மூன்று படம்! பெரிய டைரக்டரான பிறகும் கத்தரியைக் கீழே வைக்கவில்லை. 'பாசமலர்' எடிட்டர்களின் பெயர்களில் அவர் பெயரும் உண்டு.

எகிப்திலும் ஒருவர்

கடல் கடந்து எகிப்திலும் இதே வழியில் வந்தவர் ஒருவர் உண்டு. சலா அபு சேப் (1915-1996) என்று பெயர். நம் விக்கிரமசிங்கபுரத்து ஹார்வி மில் மாதிரி, மஹல்லா என்ற ஊரில் ஒரு பெரிய நூற்பாலை. அதில் வேலை பார்த்தவர், அங்கே படம் எடுக்க வந்த டைரக்டர் நியாசி முஸ்தபாவின் பழக்கத்தால் கெய்ரோவின் மிஸ்ர் ஸ்டூடியோவுக்குப் போய், எடிட்டிங் பகுதியில் சேர்ந்தார். அங்கே பல வருஷம் உழைத்த பிறகு 1946-ல்தான் முதல் கதைப்படம் இயக்கினார். 1960-ல் அவர் எடுத்த 'ஆரம்பமும் முடிவும்', நகிப் மஹ்பூஸின் நாவல். தகப்பன் போன பிறகு ஒரு குடும்பம் சிதறுகிற கதை. அதே வருஷம் இங்கே 'படிக்காத மேதை'! தேசம் வேறு, பாஷை வேறு. வீட்டுக் கவலை ஒன்றுதான்.

வெட்டாமல் விட்டது

குடும்பப் பாசத்தைக் கொண்டாடிய பீம்சிங், கடைசிக் காலத்தில் எடுத்த படம் எது தெரியுமா? ஜெயகாந்தனின் 'சில நேரங்களில் சில மனிதர்கள்' (1977).

ஜெயகாந்தனின் 'அக்கினிப் பிரவேசம்' சிறுகதையில், மழை நாளில் காரில் ஏற்றிப் போய்க் கெடுக்கப்பட்ட கல்லூரிப் பெண்ணை, தாயே தலையில் தண்ணீர் ஊற்றித் தேற்றுவாள். 'அந்தத் தாய் அப்படிச் செய்யாமல் ஊரறியக் கத்தியிருந்தால்?' என்று கேட்பது நாவல். அண்ணன் தங்கையை வெளியே தள்ளுகிறான். ஆமாம், 'பாசமலர்' எடுத்தவரின் படத்தில்தான் இந்த அண்ணன்! அந்தக் கங்காவாக நடித்த லட்சுமிக்குத் தேசிய விருது கிடைத்தது.

யோசித்துப் பாருங்கள். இப்படி ஒன்று நடந்தால் நம் வீடுகளில் முதலில் செய்வது என்ன? "வெளியே சொல்லாதே, மானம் போயிடும்" என்று அந்தப் பெண்ணின் பேச்சை வெட்டிவிடுவதுதானே? தப்புச் செய்தவன் தெருவில் நடமாட, அவள் மூலையில் உட்காருகிறாள். எதை வெட்டலாம் என்று வாழ்நாளெல்லாம் கணக்குப் பார்த்த மனிதர், குடும்பங்கள் வெட்டி எறிகிற அந்தப் பெண்ணின் கதையை வெட்டாமல் திரையில் வைத்தார். 1978 ஜனவரியில் காலமானார்.

மகன் கையில்

கத்தரி மகன் பி. லெனின் கைக்குப் போயிற்று. 'நாயகன்' (1987) உள்படப் பல படங்களை வி.டி. விஜயனோடு சேர்ந்து தொகுத்தவர். 'காதலன்' (1994) படத்துக்கு இருவருக்கும் சிறந்த எடிட்டிங்குக்கான தேசிய விருது. பிறகு, ஜெயகாந்தன் கதையான 'ஊருக்கு நூறுபேர்' (2001) படத்தை இயக்கி, சிறந்த டைரக்டருக்கான தேசிய விருதும் பெற்றார். தகப்பன் கடைசியில் போய்ச் சேர்ந்த எழுத்தாளரிடமே மகனும் போனார்!

அடுத்த முறை 'பாசமலர்' பார்க்கும்போது ஆசை தீர அழுங்கள், தப்பில்லை. ஆனால் மகள் பெரியவளானதும், பக்கத்தில் உட்கார வைத்துக் கங்காவின் கதையையும் பாருங்கள். "உனக்கு எது நடந்தாலும் முதல்ல அம்மாகிட்ட வந்து சொல்லு, நான் உன் பக்கம்தான்" என்று ஒரு வார்த்தை சொல்லி வையுங்கள். அந்தத் தைரியம் அவளுக்கு வீட்டிலிருந்துதான் கிடைக்க வேண்டும்.